எலிவளையில் எண்பது சென்டிமீட்டர்

மலையைத் துளைத்து எடுத்த கல்லை ஆழ வரிசைப்படி மரப்பெட்டியில் அடுக்குவார்கள், பெட்டிக்கு ஐந்து மீட்டர். கல் கிடைக்காத ஆழத்தில் ஒரு மரக்கட்டையை வைத்து அளவு எழுத வேண்டும். நான்காவது பெட்டியில் கட்டையே இல்லை. கல்லோடு கல் இடித்துக்கொண்டு கிடந்தது, கடைசி வரிசையில் மட்டும் காலி இடம். பாறை ஆய்வாளர் டேப்பை எடுத்து அளந்தாள். நான்கு மீட்டர் இருபது. மிச்சம் எண்பது சென்டிமீட்டரை யார் விழுங்கினார்கள்?

"பாறை கெட்டியாத்தானே இருக்கு? மலை சரியாதுன்னு கையெழுத்தைப் போடுங்கம்மா" என்றார் மேலாளர். சரிவுக்குக் கீழே அறுநூறு பிள்ளைகளுக்குப் பள்ளிக்கூடம் வரப்போகிறது. இந்த ஆளுக்கு அவசரம்.

துளை போட்டவர் அவளுடைய அத்தான். நேரே அவர் வீட்டுக்குப் போனாள்.

"பெட்டி பார்க்க நல்லா இருக்கணும்னாரு மேலாளர். வெறும் களிமண்ணுதானேன்னு எடுத்துட்டு, கல்லை நெருக்கி வெச்சேன்."

"வெறும் களிமண்ணா? அதுமேலதான் மலையே நிக்குது அத்தான்."

மேல்பாறையும் கீழ்ப்பாறையும் லட்சம் லட்சம் வருஷமாக உரசி அரைத்த மாவு அது. மழைத்தண்ணீர் இறங்கினால் சோப்புதான், மேலே உள்ளதெல்லாம் வழுக்கிக்கொண்டு வரும். அதைப் போய் அழுக்கென்று துடைத்திருக்கிறார்கள், படித்தவர்களும் பாடுபடுகிறவர்களும் கூட்டுச் சேர்ந்து.

"எங்கே கொட்டினீங்க?"

அத்தான் தலையைச் சொறிந்தார். "உங்க அக்காதான் எலிவளை அடைக்கக் கேட்டா."

மலையைக் கெல்லி எலியைப் பிடிப்பார்கள் என்று கேள்விப்பட்டிருக்கிறோம். இவள் எலிவளையைக் கெல்லி மலையைப் பிடித்தாள். அடுப்புக்குப் பின்னால் மண்டியிட்டுக் கத்தியால் நெம்பினாள்.

"எலி வந்துடும்டி" என்றாள் அக்கா.

"எலி வந்தா பூனை வளர்த்துக்கலாம். மலை வந்தா என்ன வளர்ப்பே? சின்னவளை அந்தப் பள்ளிக்கூடத்துலதானே சேர்க்கப் போறீங்க?"

"குளியலறையில இன்னும் ஒரு ஓட்டை அடைச்சிருக்கேன்" என்று அக்கா விளக்கை எடுத்துக்கொண்டு முன்னே நடந்தாள்.

மறுநாள் அத்தானோடு பெட்டிக்குப் பக்கத்தில் போய் நின்றாள். மேலாளர் களிமண்ணைப் பார்த்துச் சிரித்தார். "சமையலறை மண்ணைக் கொண்டுவந்து மலைங்கிறீங்களா? இது எங்க இருந்ததுன்னு யார் சொல்றது?"

அத்தான் குனிந்து, தாம் நெருக்கி வைத்த கல்லைப் பதினேழாவது மீட்டரில் தம் கையாலேயே விலக்கினார். நடுவே களிமண்ணை வைத்தார். களிமண் போதாமல் குறைந்த இடத்துக்குக் கட்டையை வைத்து, அளவை எழுதினார்.

"வேலை வேணுமா, வேண்டாமா?" என்றார் மேலாளர்.

அத்தான் கட்டையில் தம் பெயரையும் எழுதிவிட்டு, பேனாவைக் கொழுந்தியாளிடம் நீட்டினார்.