எனக்குத் தெரியாமல்

அண்ணனின் வெள்ளைச் சட்டைக்குக் காலர் தேய்த்துக்கொண்டிருந்தபோது அண்ணனின் போன் அடித்தது. ஆஸ்பத்திரியில் உடம்பைத் தர இன்னும் ஒரு மணி நேரமாகும் என்றிருந்தார்கள். அதற்குள் நல்லதாக ஒரு சட்டை வேண்டுமென்று அண்ணி கேட்டிருந்தாள். தம்பி இஸ்திரிப் பெட்டியை நிமிர்த்தி வைத்துவிட்டுப் போனை எடுத்தான்.

வக்கீலின் குமாஸ்தா. குரலில் கல்யாணக் களை. போலீஸ் பிடித்த லாரியை விடச் சொல்லிக் கோர்ட்டில் நேற்றுச் சாயங்காலம் உத்தரவாகிவிட்டது, ஆர்.சி. புத்தகத்தோடு வந்து ஒரு கையெழுத்துப் போட்டால் நாளைக்கே வண்டியை எடுத்துவிடலாம் என்று மூச்சு விடாமல் சொன்னார்.

“அண்ணன் இல்லீங்க.”

“எப்ப வருவாரு?”

வருவார். பன்னிரண்டு மணிக்கு வேனில் வருவார். அதை எப்படிச் சொல்வது என்று தம்பிக்குத் தெரியவில்லை.

“காலைல தவறிட்டாருங்க” என்றான்.

போன வாரம்கூட ஆஸ்பத்திரிக் கட்டிலில் உட்கார்ந்தபடி பிரமாணப் பத்திரத்தில் கையெழுத்துப் போட்டாரே என்றார் குமாஸ்தா, அதைக் காட்டிச் சாவைத் தள்ளுபடி செய்துவிடலாம் என்பதுபோல.

அப்படி ஒரு கையெழுத்துப் போட்டது தம்பிக்குத் தெரியாது.

ஐந்து மாதத்துக்கு முன் அனுமதியில்லாத மணலோடு லாரி பிடிபட்டபோது ஓட்டியவன் அவன்தான். வண்டி அண்ணன் பேரில் இருந்தது. மணல் ஏற்றியது முதலாளிக்குத் தெரியாது, எல்லாம் டிரைவர் வேலை என்று எழுதிக் கொடுத்தால்தான் வண்டி வெளியே வரும் என்று வக்கீல் முதல் நாளே சொல்லிவிட்டார். அண்ணன் மசியவில்லை. வண்டி மக்கினாலும் மக்கட்டும், தம்பி தலையில் கட்டமாட்டேன் என்றார். அதைப் போகிற இடமெல்லாம் சொல்லித் தம்பி பூரித்துப்போயிருந்தான்.

சட்டையைக் கையில் போட்டபடி உள்ளே போனான். அண்ணி பீரோவில் அண்ணனின் அடையாள அட்டையைத் தேடிக்கொண்டிருந்தாள். அவன் அந்தப் பத்திரத்தைக் கேட்டதும், மடித்த துணிகளுக்கு அடியிலிருந்து ஒரு நகலை உருவி நீட்டினாள்.

நான்காவது பத்தி. ‘ஓட்டுநரான என் தம்பி, எனக்குத் தெரியாமலும் என் சம்மதம் இல்லாமலும்...’ கீழே அண்ணனின் கையெழுத்து. ஊசி குத்திய கையால் போட்டது. கடைசி எழுத்து கோட்டைத் தாண்டி இறங்கியிருந்தது.

தெரியாமலா? லாரி பிடிபட்ட அன்று விடியற்காலையில் அவன் போன் செய்து, ஒரு லோடு வந்திருக்கிறது என்றான். சரி, பாத்துப் போ என்றார் அண்ணன். என்ன லோடு என்று அவர் கேட்கவில்லை. இவனும் சொல்லவில்லை. தெரிந்துதான் கேட்காமல் விட்டாரா, தூக்கக் கலக்கத்தில் விட்டாரா? எழுதியிருப்பது பொய்யென்றால் கோபப்படலாம். நிஜமென்றால் தலைகுனியலாம். எதைச் செய்வதென்று விளங்காமல் நின்றான்.

“மணலுன்னு அண்ணனுக்குத் தெரியுமா அண்ணி?”

“நீதானே பேசின. உனக்குத் தெரியாதா?”

அவன் தலையாட்டினான். ஆமென்றா இல்லையென்றா என்று அவனுக்கே பிடிபடவில்லை.

“கையெழுத்துப் போட்டத உங்கிட்ட சொல்லணும்னாரு” என்றாள் அண்ணி. “ஞாயித்துக்கிழம நீ வந்தப்ப சொல்லட்டும்னுதான் நான் எந்திரிச்சு வெளிய போனேன்.”

ஞாயிற்றுக்கிழமை அண்ணன் மின்விசிறியைக் குறைக்கச் சொன்னார். பிறகு கூட்டச் சொன்னார். மறுபடியும் குறைக்கச் சொன்னார். அவ்வளவுதான் பேச்சு.

உடம்பு வந்தது. சாயங்காலத்துக்குள் எல்லாம் முடிந்தது. தலைப்பக்கம் தூக்கியவன் தம்பி. அண்ணன் இவ்வளவு லேசாக இருப்பார் என்று அவன் நினைத்திருக்கவில்லை.

ஐந்தாம் நாள் குமாஸ்தா வீட்டுக்கே வந்தார். பழைய உத்தரவை வைத்து இனி வண்டியை எடுக்க முடியாது, வாரிசு என்ற முறையில் அண்ணி புது மனுப் போட வேண்டும் என்று சொல்லி, அடித்துக் கொண்டுவந்த தாள்களைக் கொடுத்தார். அண்ணி படித்துக்கொண்டே வந்து ஓரிடத்தில் விரலை வைத்தாள். ‘என் கணவருக்குத் தெரியாமல்.’

“இத எடுத்துடச் சொல்லவா?” என்று தம்பியைக் கேட்டாள். “எடுத்தா வண்டி வராது. இருந்தாலும் நீ சொல்லு.”

மணல் கேஸ் தனியாக நடக்கிறது, இந்த வரியை அதிலும் காட்டுவார்கள், ஜெயிலுக்குப் போக வேண்டி வந்தாலும் வரும் என்று குமாஸ்தா தரையைப் பார்த்துக்கொண்டு சொன்னார்.

“இருக்கட்டும் அண்ணி.”

“நெஜம் அதானா?”

“தெரியல. இருக்கட்டும்.”

அவள் அவன் முகத்தையே பார்த்தாள். பிறகு பேனாவை வாங்கினாள்.

மனுவோடு வைக்க வண்டியைப் படம் எடுக்க வேண்டியிருந்தது. குமாஸ்தாவோடு தம்பியும் போனான். காவல் நிலையத்துக்குப் பின்னால், பிடிபட்ட வண்டிகளின் வரிசையில் கடைசியாக லாரி நின்றது. மழையில் நனைந்து இறுகிய மணல் இன்னும் அதன் மேலேயே கிடந்தது. குமாஸ்தா நம்பர் பலகையைத் துடைத்துப் படமெடுத்தார். தம்பி ஒவ்வொரு டயராகக் கையால் தட்டிக்கொண்டே வந்தான். பின்பக்க டயர் ஒன்று பாதி இறங்கியிருந்தது. குந்தி உட்கார்ந்து, வால்வின் மூடியைத் திருகி எடுத்து, காற்று கசிகிறதா என்று பார்க்க விரலில் எச்சில் தொட்டு வைத்தான்.

குமாஸ்தா போகலாமா என்று கூப்பிட்டார். வால்வின் வாயில் ஒரு சின்னக் குமிழ் மெதுவாக எழும்பிக்கொண்டிருந்தது. அது உடையட்டும் என்று அவன் பார்த்துக்கொண்டிருந்தான்.