தலை சாய்ந்த சுவர்

நேற்று எழுப்பிய சுவரைப் பழஞ்சுவராக்குவதில் அவரை அடித்துக்கொள்ள ஆளில்லை. படத்தில் ஆர்ட் டைரக்டர் என்று பெயர் வரும். செட்டில் முதுகுக்குப் பின்னால் "அழுக்கு சார்". சுவிட்சைச் சுற்றி விரல் கறை, அடுப்புக்கு மேலே புகை என்று எதற்கும் வருஷக் கணக்குச் சொல்லித்தான் பெயின்டரிடம் வேலை வாங்குவார். "இது அஞ்சு வருஷப் புகைய்யா, கரியைப் பூசி வச்சிருக்கே!" மனிதருக்கு அப்படி ஒரு கண்.

சொந்த வீட்டைப் பார்க்கத்தான் அந்தக் கண்ணுக்கு நேரம் கிடைக்கவில்லை. ஊர் ஊராகப் போய் அடுத்தவர் வீட்டைக் கட்டியே காலம் ஓடிவிட்டது. முப்பத்தோரு வருஷம் கூட வாழ்ந்த மனைவி போய்ச் சேர்ந்து ஒரு வருஷமாகிறது. வீடும் கைமாறி, வாங்கியவர்கள் இடித்துத் தள்ளிவிட்டார்கள். இப்போது லாட்ஜ் அறையில் கிடக்கிறார். பேச்சுத் துணைக்கு டி.வி. மகளோடு போய் இருந்துவிட மனசு கிடந்து அடித்துக்கொள்கிறது. கேட்கத்தான் நா எழவில்லை.

அதற்கும் ஒரு வழி கண்டுபிடித்தார். புதுப் படத்துக்குக் குடும்பம் வாழ்ந்த வீடு ஒன்று வேண்டும் என்று டைரக்டர் சொன்னதும், இடிந்துபோன தன் வீட்டையே ஸ்டூடியோவுக்குள் எழுப்பிவிட்டார். மகள் வந்து பார்க்கட்டும், மனசு இளகட்டும், அப்போது கேட்டுவிடலாம்.

மகள் மத்தியானம் வந்தாள். கூடத்தில் கால் வைத்ததும் அப்படியே நின்றுவிட்டாள். மூலை உடைந்த சுவிட்ச் போர்டு, கம்பி வளைந்த ஜன்னல், எல்லாம் அச்சு அசல். அவள் கண் கலங்குவதைப் பார்த்து அவருக்கு உள்ளே குளிர்ந்தது.

"இங்க என்னப்பா கறை?"

அவருடைய நாற்காலிக்கு நேர் எதிரே இன்னொரு நாற்காலி. அதன் பின்னால் சுவரில் தலையெண்ணெய்ப் பிசுக்கு.

"அம்மா தலை சாய்ச்ச இடம்மா. என் எதிர்லயேதானே உட்கார்ந்திருப்பா."

மகள் ஜன்னல் பக்கம் திரும்பினாள்.

"நீங்க வீட்ல இருந்தாத்தான்ப்பா அங்க. அது வருஷத்துல எத்தனை நாளு? மத்த நாளெல்லாம் அந்த ஜன்னலோரம்தான். அங்கேர்ந்து பாத்தா தெருமுனை தெரியும், நீங்க வர்றது தெரியும்னு. கறை அங்கதான் இருந்துச்சு."

குத்திக்காட்டவா சொன்னாள்? இல்லை. குத்தியிருந்தாலாவது பதிலுக்கு இரண்டு வார்த்தை பேசியிருக்கலாம். சுவரில் தலைக்கறை ஏற எத்தனை நாள் பிடிக்கும் என்று அவரைவிட யாருக்குத் தெரியும்? அவர் வந்து தங்கிப்போன நாளையெல்லாம் ஒன்றாகச் சேர்த்தாலும் கறையின் நிழல்கூட விழாது. அவருக்கு வெட்கம் பிடுங்கித் தின்றது.

"ஏதோ பேசணும்னு சொன்னீங்களேப்பா?"

உன்னோடு வந்து இருந்துவிடட்டுமா என்று கேட்க வாயெடுத்தார்.

"ஒண்ணுமில்லம்மா. செட்டைக் காட்டலாம்னுதான்."

"உடம்பைப் பாத்துக்குங்க. நேரத்துக்குச் சாப்பிடுங்க."

அவள் கிளம்பினாள். அவர் ஈரத்துணியால் அந்தக் கறையை ஒட்ட அழித்தார். நாற்காலியை ஜன்னலோரம் இழுத்துப்போட்டு உட்கார்ந்து, மனைவி தன் தோள் உயரம் என்பது ஞாபகம் வந்து, உடம்பைக் கொஞ்சம் இறக்கித் தலை சாய்த்துப் பார்த்தார். ஜன்னல் வழியே, ஸ்டூடியோவின் பெரிய கதவை நோக்கி மகள் நடந்துபோவது தெரிந்தது. திரும்புவாள் என்று பார்த்தார். கதவு சாத்திக்கொண்டது.

அவர் கூப்பிட, பெயின்டர் டப்பாவோடு வந்து நின்றான்.

"எத்தனை வருஷக் கறை சார்?"

"முப்பத்தோரு வருஷம்," என்றார் அவர், தலையை எடுக்காமலே.