படத்தின் இடப்பக்கம்

மனித மூளையின் முன்மடல் நெற்றி எலும்பிற்குப் பின்னே அமைந்துள்ளது. மையப் பள்ளம் அதன் பின்னெல்லை. பக்கவாட்டுப் பள்ளம் கீழெல்லை. பின்னே உச்சிமடலும் கீழே பொட்டுமடலும் அதன் அண்டை வீட்டார். மருத்துவக் கல்லூரியின் உடற்கூறியல் கூடத்தில் உதவியாளனாகச் சேர்ந்து, நாற்பத்திரண்டாம் வயதில் பாடநூலை எழுத்துக்கூட்டிப் படிக்கத் தொடங்கிய நான், இவற்றைக் கண்ணை மூடிக்கொண்டும் தொட்டுக் காட்டுவேன். மூளையை வாளியிலிருந்து எடுத்துத் தட்டில் வைக்கையில் அதன் இடப்பக்கம் என் இடக்கைப் பக்கமாகவே இருக்கும். இருபது ஆண்டுப் பழக்கம் அது.

என் அக்காவின் கணவர், அதாவது அத்தான், காய்கறிச் சந்தையில் ஏலம் விடுபவர். மரியாதைக்குப் பெயர்போனவர், ஆறு மாதமாக வியாபாரிகளின் தொப்பையையும் வழுக்கையையும் சேர்த்து ஏலம் விட்டார். சம்பந்தியம்மாள் முன்னே சட்டையைக் கழற்றிப் போட்டுவிட்டு உட்கார்ந்தார். அக்கா கூனிக்குறுகிப் போனாள். மனிதனின் நாகரிக அடக்கத்தைக் காக்கும் முன்மடலைக் கட்டியொன்று அழுத்துவது ஸ்கேனில் தெரியவந்தது. புதன்கிழமை அறுவைச் சிகிச்சை என்று முடிவாயிற்று.

ஞாயிறன்று அக்கா ஸ்கேன் படத்தை என்னிடம் நீட்டினாள்.

“நீ படிச்சவன். பாத்துச் சொல்லுடா.”

அச்சொல் எனக்கு இனித்தது. படத்தைச் சன்னல் வெளிச்சத்தில் பிடித்தேன். கட்டி இடப்பக்கம் இருந்தது.

“இடது முன்மடல்க்கா. பேச்சு பொறக்குற இடம் பெரும்பாலும் அங்கதான். கத்தி பட்டா பேச்சே போயிடலாம்.”

அத்தான் சாப்பாட்டுத் தட்டைத் தள்ளினார். “வாய வச்சுப் பொழைக்கிறவன் நான். நம்ம மச்சான் புரொபசரே சொல்லியாச்சு. ஆபரேஷனும் வேணாம், ஒரு மண்ணும் வேணாம்.”

புதன்கிழமை அவர்கள் மருத்துவமனைக்குப் போகவில்லை.

வெள்ளியன்று பேராசிரியர் மாணவர்களுக்காக ஒளிப்பெட்டியில் ஒரு படத்தை மாட்டினார். “படுத்திருக்கிறவரோட கால்மாட்டுல நின்னு பாக்குற மாதிரி நெனச்சுக்கங்க. படத்தோட இடப்பக்கம், நோயாளிக்கு வலப்பக்கம்.”

நான் துடைத்துக்கொண்டிருந்த தட்டு கை நழுவி விழுந்தது.

அரைநாள் விடுப்புச் சொல்லிவிட்டு அக்கா வீட்டிற்கு விரைந்தேன். அத்தான் கூடத்தில் நடந்துகொண்டிருந்தார். இடக்காலை இழுத்தார், அக்காலின் செருப்பு கழன்று பின்தங்கியதை அவர் அறியவில்லை. மூளையின் வலப்புறம் உடலின் இடப்புறத்தை ஆள்கிறது என்பது எனக்கு மனப்பாடம்.

“அத்தான், நான் சொன்னது தப்பு. கட்டி வலது பக்கம். நான் மாத்திப் பாத்துட்டேன்.”

“போன வாரம் இடது, இந்த வாரம் வலதா? அடுத்த வாரம் வயித்துக்கு எறங்கிடுமா மச்சான்?” அவர் சிரித்தார். நிற்கவேண்டிய இடத்தில் அச்சிரிப்பு நிற்கவில்லை. “புரொபசர் மூளை, ஒரு தரம்! ரெண்டு தரம்! கேக்க ஆளில்லையே!”

அக்கா சிரிக்கவில்லை. “டாக்டர் அன்னைக்கே வலதுன்னுதான் சொன்னாரு,” என்றாள். “நீ சொன்னதும், என் காதுலதான் தப்பா விழுந்துச்சோன்னு நெனச்சுட்டேன்.”

அவள் மருத்துவமனைக்குத் தொலைபேசினாள். நெடுநேரம் காத்திருந்து பேசினாள்.

“ஆபரேஷனுக்கு மூணு வாரம் கழிச்சுத்தான் இடம் இருக்காம். கால் இழுக்குறதச் சொன்னேன். இப்பவே கூட்டிட்டு வரச் சொல்றாங்க.”

“நானும் வரேன்க்கா.”

“வா. அவரத் தாங்கிப் புடிக்க ஆள் வேணும்.” செருப்பை எடுத்துவந்து அவர் காலடியில் வைத்தாள். “ஆனா டாக்டர் முன்னால நீ வாயத் தொறக்காத.”