அந்த அத்தியாயத்து அம்மா

அத்தியாயத்தை இணையத்தில் ஏற்றிவிட்டு அடுப்பைப் பற்றவைப்பதற்குள் பாராட்டு குவிந்துவிட்டது. பணக்கார வீட்டுப் பெண்ணும் ஒரு மெக்கானிக்கும் காதலிக்கும் தொடர்கதை. குடும்பமே எதிர்த்து நிற்க, இன்று பெண்ணின் அம்மா கதவைத் திறந்து, "உள்ள வாங்க மாப்பிள்ளை" என்று அவனை அழைத்துவிட்டாள். இப்படியொரு அம்மா எனக்கு வாய்க்கலையே என்று ஒரு வாசகி அழுதிருந்தாள். எழுதியவளுக்குத் தலைகால் புரியவில்லை. சேரக்கூடாதவர்கள் சேர்ந்தால்தானே படிக்கிறவர்களுக்கு நெஞ்சு அடைக்கும்? பொருத்தம் பார்த்துக் கட்டிவைக்கிற கதையை யார் சீந்துவார்கள்? கதாநாயகனுக்குத்தான் முதலில் ஆள் கிடைக்காமல் தவித்தாள். வாஷிங் மெஷின் பழுதுபார்க்க வந்த பையனைப் பார்த்ததும் அந்தக் கவலை தீர்ந்தது. கிரீஸ் படிந்த நகங்கள், கட்டைவிரலில் ஒரு தழும்பு, சுவரில் கறை படாமல் முழங்கையால் ஸ்விட்சைத் தட்டுகிற பழக்கம். அப்படியே தூக்கி எழுதிவிட்டாள்.

சமையலறை வாசலில் மகள் வந்து நின்றாள். கண்ணெல்லாம் சிவந்திருந்தது.

"படிச்சேன்மா. உனக்கு எப்பத் தெரியும்?"

"என்னது?"

"நடிக்காதம்மா. அந்தத் தழும்பு, முழங்கையால ஸ்விட்ச் போடறது, எல்லாம் அவரேதான். எப்படிச் சொல்றதுன்னு பயந்து செத்துட்டிருந்தேன். நீ கதையிலயே பதில் சொல்லிட்டே. வரச் சொல்லிட்டேன்மா. வாசல்லதான் நிக்கிறார்."

அம்மா கையிலிருந்த தீப்பெட்டியைக் கீழே வைத்தாள். எழுதும்போது அந்தக் கைகளில் மயங்கியவள்தான். தன் பெண்ணும் மயங்குவாள் என்று கனவிலும் நினைக்கவில்லை. நல்ல பையன், வேலையில் சுத்தம், அவளே அக்கம்பக்கத்தில் சிபாரிசு செய்திருக்கிறாள். அதைச் சொல்லத்தான் வாயைத் திறந்தாள்.

"அவங்க என்ன ஆளுங்கடி?"

தன் குரல் காதில் விழுந்ததும் உடம்பெல்லாம் கூசியது. கதையில் இதே கேள்வியை வில்லனான பெரியப்பா கேட்டிருந்தார். வாசகிகள் அவரை வாய்க்கு வந்தபடி திட்டித் தீர்த்திருந்தார்கள். அவளும் அதற்கெல்லாம் சிரிப்புப் பொம்மை போட்டிருந்தாள்.

மகள் கோபப்படவில்லை. அதுதான் தாங்க முடியவில்லை.

"இது பெரியப்பா பேசறதும்மா" என்றாள்.

எத்தனையோ பேரை அழவைத்தவள் வெட்கத்தில் மகளின் முகத்தைப் பார்க்க முடியாமல் வாசல் பக்கம் திரும்பினாள். கதவு திறந்தே கிடந்தது. அவன் ஒரு ஷூவைக் கழற்றி ஓரமாக வைத்துவிட்டு, மற்றதன் கயிற்றைப் பிடித்தபடி குனிந்தே நின்றிருந்தான்.