வெட்டுக்கிளி ஜெயிக்கக் கூடாத ஆட்டம்

1

இந்தக் கதை எனக்குத் தோள்வலியில் கிடைத்தது. உள்ளிருந்து ஊற்றெடுத்தது என்று சொல்லிக்கொள்ள ஆசைதான். ஆனால் வலது கை மேலே ஏற மாட்டேன் என்று அடம்பிடித்து, தலை வாரவே வீட்டுக்காரரை எதிர்பார்க்கும் நிலை வந்ததால் பிசியோதெரபிக்குப் போனேன். அங்கே பச்சைத் திரைக்கு அந்தப் பக்கக் கட்டிலில், கெண்டைக்காலில் நீல டேப் ஒட்டிய குட்டையான பெண் ஒருத்தி குப்புறப் படுத்திருந்தாள்.

பிசியோ குரலைத் தாழ்த்தி, ஆனால் அவளுக்கும் நன்றாகக் கேட்கும்படி சொன்னார்: "யாருன்னு தெரியுதா? அந்த சர்வதேச பேட்மிண்டன் போட்டியில பாதி ஆட்டத்துல வெளிய அனுப்பினாங்களே, அந்தப் பொண்ணு."

தெரியாமல் என்ன? அந்தப் போட்டியில் கோப்பையை வாங்கியது யார் என்று இன்று கேட்டால் யாருக்கும் நினைவிருக்காது. வேண்டுமென்றே தோற்கப் பார்த்த ஜோடியை மட்டும் எல்லோருக்கும் நினைவிருக்கிறது.

திரை விலகியது.

"நீங்க எழுதுறவங்களா?"

"ஆமா."

"என்னையும் எழுதப் போறீங்களா?"

"இன்னும் முடிவு பண்ணல."

"எழுதுங்க. ஆனா தியாகி ஆக்கிடாதீங்க. பேப்பர்காரங்க அதை ஏற்கெனவே செஞ்சு பார்த்துட்டாங்க. எனக்குப் பொருந்தல."

அதன்பின் ஒவ்வொரு முறை போகும்போதும் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்னாள். என்ன நடந்தது என்று கேட்டால் மழை போலக் கொட்டுவாள். ஏன் என்று கேட்டால் மட்டும், "சூடு பத்தல சார், கொஞ்சம் ஏத்துங்க" என்று பிசியோவைக் கூப்பிடுவாள்.

2

எப்படித் தொடங்குவது?

"அரங்கம் அதிர்ந்தது." (அரங்கங்களுக்கு வேறு வேலை கிடையாது. அடித்துவிட்டேன்.)

"விளையாட்டு என்பது வாழ்க்கையின்—" (முடிக்கக் கூச்சமாக இருந்தது. அப்படியே விட்டுவிட்டேன், பாருங்கள்.)

"ஓட்டல் அறையில் மூன்று பேர் இருந்தார்கள், பேசியது ஒருவர்தான்." இது நிற்கட்டும். இதிலிருந்து போகலாம்.

பேசியவர் அவளுடைய அண்ணன். அவர்தான் கோச். கட்டிலில் கால் நீட்டி, முழங்கால்மேல் ஐஸ் பையை வைத்துக்கொண்டு இருந்தவள் அவருடைய மனைவி. இவளுக்கு அண்ணி, டபுள்ஸில் ஜோடியும் அவள்தான். ஜன்னலோரம் நின்றவள் இவள். எங்கே விழுந்த ஷட்டிலையும் துள்ளிப் போய் எடுப்பாள் என்பதால் வீட்டில் வெட்டுக்கிளி என்று கூப்பிடுவார்கள். நானும் அப்படியே கூப்பிடுகிறேன்.

"நல்லா கேட்டுக்கோ" என்றார் அண்ணன். "நாம அடுத்த சுற்றுக்கு வந்தாச்சு. நாளைக்கு ஜெயிச்சா நம்ம பிரிவுல முதலிடம். தோத்தா ரெண்டாமிடம். பக்கத்துப் பிரிவுல போன வருஷ சாம்பியன்ஸ் இன்னைக்கு வழுக்கி விழுந்து ரெண்டாமிடத்துக்குப் போயிட்டாங்க. நாம முதலிடம் வந்தா கால் இறுதியில அவங்க. ரெண்டாமிடம் வந்தா சுலபமான ஜோடி. புரியுதா?"

"புரியல" என்றாள் வெட்டுக்கிளி. நன்றாகவே புரிந்தது.

"நாளைக்கு எதிர்ல வர்றவங்க ஏற்கெனவே வெளிய போயாச்சு. அவங்களுக்கு ஒரு ஆட்டம் கிடைச்சா சந்தோஷமா வீட்டுக்குப் போவாங்க. யாருக்கு என்ன நஷ்டம்?"

"தோக்கச் சொல்றியா?"

"உசுரைக் குடுத்து ஆட வேணாம்னு சொல்றேன்."

அவள் அண்ணியைப் பார்த்தாள். அண்ணி ஐஸ் பையை இடம் மாற்றி வைத்தாள்.

"எனக்கு இதான் கடைசி போட்டி" என்றாள். "ஒரு மெடலோட போயிடறேன்டி. அவ்வளவுதான்."

வெட்டுக்கிளி சரி என்றாள்.

அந்தச் சொல்லை எழுதாமல் தாண்டிப் போக எனக்கு ஆசை இருந்தது. அவள் விடவில்லை. "சரின்னு சொன்னேன்ல, அதைப் போடுங்க" என்றாள். போட்டுவிட்டேன்.

3

எதிரே வந்த இருவரில் ஒருத்தி கண்ணாடி போட்டிருந்தாள். கண்ணாடி நழுவாமல் இருக்கப் பின்னால் ரப்பர் பட்டை. இரண்டு பேரும் போட்டி முழுக்கத் தோற்றிருந்தார்கள். ஆனாலும் இறுதிப் போட்டிக்கு வந்தவர்கள் போல உடம்பைச் சூடாக்கிக்கொண்டு நின்றார்கள்.

முதல் கேம் எப்படிப் போனது என்று விவரிக்க எனக்குக் கை வரவில்லை. அண்ணி போட்ட சர்வீஸ் நெட்டில் முட்டியது. வெட்டுக்கிளி போட்டதும் முட்டியது. கைக்கு எளிதாக வந்த ஷட்டிலை அண்ணி கோட்டுக்கு வெளியே ஒரு ஆள் நீளம் தள்ளி அடித்தாள். வெட்டுக்கிளி ஒன்றை எட்டிப் பிடிக்காமல், விழுவதைப் பார்த்துக்கொண்டு நின்றாள்.* முதலில் கூட்டம் சிரித்தது. பிறகு யாரோ ஒருவர் "ஊ" என்றார். அதன்பின் அரங்கமே "ஊ" என்றது. அம்பயர் இருக்கையிலிருந்து குனிந்து இருவரையும் கூப்பிட்டு எச்சரித்தார். அண்ணி முழங்காலைத் தொட்டுக் காட்டினாள். வெட்டுக்கிளியிடம் காட்ட ஒன்றும் இல்லை.

(* "எட்டியிருக்கக்கூடியதை எட்டாம நிக்கறது ஓடறதைவிடக் கஷ்டம். கால் தானாப் போகும். பிடிச்சு நிறுத்தணும்." இது அவள் சொன்னது.)

கேம் முடிந்து பக்கம் மாறும்போதுதான் அது நடந்தது. நெட் கம்பத்தருகே கண்ணாடிக்காரி நின்றாள். ஜெயித்த முகமாக அது இல்லை. அறை வாங்கிய முகம். இருவருக்கும் பொதுவாக ஒரு மொழி கிடையாது. அவளுக்குத் தெரிந்த இரண்டு சொற்களைச் சொன்னாள்.

"ப்ளே. ப்ளீஸ்."

வெட்டுக்கிளி தண்ணீர் குடித்தாள். ஷூ கயிற்றை இழுத்துக் கட்டினாள். இரண்டாவது கேமின் முதல் ஷட்டில் உயரமாக வந்தபோது, அண்ணியின் தலைக்குமேல் எழும்பி, இறங்கும்போதே அடித்தாள். அது எதிர்ப்பக்கத் தரையில் விழுந்த சத்தத்தில் "ஊ" நின்றது.

[ஏன்? காரணம் ஒன்று: பார்வையாளர் வரிசையில் ஒரு சிறுமி கண்ணீரோடு... வீட்டுக்காரர் படித்துவிட்டு, "சிறுமியைத் தூக்கு, சினிமா மாதிரி இருக்கு" என்றார். அவர் அடுக்குமாடிக் கார் நிறுத்துமிடத்தில் சாயங்காலம் ஷட்டில் ஆடுபவர். அந்த உரிமையில் இந்தக் கதைக்கே தன்னை அம்பயர் என்று நினைத்துக்கொண்டிருக்கிறார். தூக்கிவிட்டேன்.]

[காரணம் இரண்டு: கண்ணாடிக்காரியின் இரண்டு சொற்கள். இது போதும் என்று நினைத்து வெட்டுக்கிளியிடம் சொன்னேன். "அதுவும்தான். ஆனா அண்ணி மேல கோவமும் இருந்துச்சு. என்னைக் கேட்காம ரெண்டு பேரும் முன்னாடியே முடிவு பண்ணிட்டாங்கல்ல. அதையும் சேர்த்துக்கோங்க." சேர்த்தாயிற்று.]

"என்னடி பண்றே?" என்று பல்லைக் கடித்தாள் அண்ணி.

"விளையாடறேன்."

அதன்பின் நடந்ததை டபுள்ஸ் என்று சொல்ல முடியாது. எதிரே இருவர் முழுமூச்சாக ஆடினார்கள். இந்தப் பக்கம் ஒருத்தி ஜெயிக்க ஆடினாள், இன்னொருத்தி தோற்க ஆடினாள். அண்ணியிடம் போகும் ஒவ்வொரு ஷட்டிலும் நெட்டுக்குப் போகும் என்பதால், அண்ணிக்கு முன்னால் அதை எடுத்தாக வேண்டும். வெட்டுக்கிளி முன்னால் ஓடினாள், பின்னால் ஓடினாள், அண்ணியைச் சுற்றிக்கொண்டு ஓடினாள். அண்ணி சர்வீஸ் போடவோ வாங்கவோ வேண்டிய முறை வரும்போது மட்டும் ஒன்றும் செய்ய முடியாது. சட்டப்படி அதை அண்ணிதான் அடிக்க வேண்டும். அடித்து நெட்டில் போடுவாள். ஒரு பாயிண்ட் போகும். இவள் அடுத்ததைப் பறிப்பாள். கண்ணாடிக்காரி விழுந்து விழுந்து எடுத்தாள். இப்போது அவள் முகத்தில் அறை வாங்கிய தடம் இல்லை. தோற்கிற பாயிண்ட்டுக்குக்கூடத் தலையாட்டினாள்.

கூட்டம் வெட்டுக்கிளியின் பக்கம் திரும்பிவிட்டது. அது அண்ணிக்கு இன்னும் எரிச்சல். ஒரே ஷட்டிலுக்கு இருவரும் பாய்ந்தபோது ராக்கெட்டோடு ராக்கெட் மோதியது. அண்ணியின் ராக்கெட் கையை விட்டுப் பறந்து கோட்டுக்கு வெளியே போய்ச் சுழன்றது. அண்ணி அதை எடுக்கப் போகவில்லை. இடுப்பில் கை வைத்துக்கொண்டு நின்றுவிட்டாள்.

அம்பயருக்கும் மேலான ரெஃப்ரி உள்ளே வந்தார். கறுப்பு அட்டையை உயர்த்தினார். அண்ணிக்குத்தான் காட்டினார். ஆனால் வெளியேற்றம் ஜோடிக்கு.

4

"அண்ணியை வில்லி ஆக்கிட்டே" என்றார் வீட்டுக்காரர்.

ஆக்கியிருக்கிறேனா? அப்படியானால் இந்தப் பகுதி அவளுக்கு.

வெட்டுக்கிளிக்கு ராக்கெட் பிடிக்கச் சொல்லிக் கொடுத்தது அண்ணனாக இருக்கலாம். நெட்டருகே பயப்படாமல் நிற்கச் சொல்லிக் கொடுத்தது அண்ணி. மூன்று மருத்துவர்கள் விளையாட்டை விடச் சொல்லியும், தினமும் காலையில் சுவரைப் பிடித்துக்கொண்டே முழங்காலை மடக்கி நீட்டி, வலியில் வாய்க்குள் திட்டிவிட்டு, பிறகு பயிற்சிக் கூடத்துக்கு வந்து மற்றவர்களோடு சிரித்துப் பேசுவாள். எத்தனையோ போட்டிகளில் அரை இறுதி வரை போய்த் திரும்பியிருக்கிறாள். ஒரு மெடல் கேட்டது குற்றமா? இல்லை. கேட்ட வழி குற்றம். இரண்டையும் ஒரே பெண்ணுக்குள் வைத்து எழுத எனக்கு இன்னும் கொஞ்சம் திறமை வேண்டும். நீங்கள் கொஞ்சம் உதவுங்கள்.

அரங்கத்துக்குப் பின்னால், காலி அட்டைப் பெட்டிகள் அடுக்கிய நடையில் இருவரும் நின்றார்கள்.

"என் கால் இனி எவ்வளவு தாங்கும்னு உனக்குத் தெரியும்ல?"

"தெரியும் அண்ணி."

"தெரிஞ்சுமா இப்படிப் பண்ணே?"

"தெரிஞ்சுதான் பண்ணேன்."

"ராத்திரியே முடியாதுன்னு சொல்லித் தொலைச்சிருக்கலாமேடி!"

சரியான கேள்வி அது. அதற்கு இன்றும் தன்னிடம் பதில் இல்லை என்றாள் வெட்டுக்கிளி.

5

விசாரணைக்கு முன்னால் செய்தியாளர்கள் அவளுக்கு ஒரு கதவைத் திறந்து வைத்திருந்தார்கள். தனியாகப் போராடிய பெண். கூட இருந்தவர்கள்தான் மோசம். ஒரு வார்த்தை சொன்னால் அவள் தப்பித்துவிடலாம். அண்ணன் வேறொரு கதவைக் காட்டினார்: அண்ணிக்கு முழங்கால் வலி, குழப்பத்தில் அப்படி ஆகிவிட்டது, மூன்று பேரும் ஒரே பேச்சாகச் சொன்னால் மூன்று பேரும் தப்பலாம்.

நீள மேசைக்குப் பின்னால் ஐந்து பேர் உட்கார்ந்திருந்தார்கள். அண்ணனும் அண்ணியும் அவளுக்கு இரு பக்கமும். அவள் எழுந்து நின்றாள்.

"முதல் கேம்ல நானும் வேணும்னேதான் விட்டேன். அதுக்குத் தண்டனை குடுங்க. ரெண்டாவது கேம்ல நான் ஒழுங்கா விளையாடினேன். அதுக்குக் குடுக்காதீங்க."

"தோற்கச் சொன்னது யார்?" என்று கேட்டார் நடுவில் இருந்தவர்.

பக்கத்தில் அண்ணனின் நாற்காலி கிறீச்சிட்டது. தானே சொல்லிவிடுவார் என்று அவள் காத்திருந்தாள். சொல்லவில்லை.

"எங்க அண்ணன் சொன்னார். நான் சரின்னேன்."

இந்த இடத்தில் அண்ணி எழுந்து அவளைக் கட்டிக்கொண்டு அழுவதாக ஒரு பக்கம் எழுதினேன். நன்றாகத்தான் வந்தது. ஆனால் அப்படி நடக்கவில்லை. அண்ணி எழுந்தாள், "நானும் சரின்னேன்" என்றாள், உட்கார்ந்தாள். அவ்வளவுதான். ஜோடிக்கு ஆறு மாதம் தடை. அண்ணனுக்கு ஒரு வருடம்.

ஒரே வீடு, ஒரே சமையலறை. அண்ணன் தங்கையோடு பேசுவதை விட்டார். சாப்பாட்டு மேசையில் "அவளை உப்பை நகர்த்தச் சொல்லு" என்பார், உப்பு அவர் முன்னாலேயே இருக்கும். வெட்டுக்கிளி உப்பை இன்னும் கொஞ்சம் அவர் பக்கம் நகர்த்துவாள். காலையில் தனியாக எழுந்து ஓடப் போவாள். பயிற்சிக் கூடத்தில் ஆட அனுமதி இல்லாததால் மொட்டை மாடிச் சுவரில் ஷட்டில் அடித்தாள். கெண்டைக்காலைப் பிடித்துக்கொண்டது அப்போதுதான். திரைக்கு அந்தப் பக்கம் வந்து சேர்ந்ததும் அப்போதுதான்.

தடை முடிகிற வாரம், அண்ணி மாடிக்கு ஏறி வந்தாள். ஆறு மாத ஓய்வில் முழங்கால் சற்றுத் தேறியிருந்தது.

"அடுத்த மாசம் கிளப் போட்டி இருக்கு. பேர் குடுக்கறியா?"

"நம்ம ரெண்டு பேருமா அண்ணி?"

"உன்கூட ஜோடியா? பெரிய கும்பிடு. வேற ஆளைப் பார்த்துக்கோ. நான் எதிர்ல வர்றேன். அங்க நின்னா நீ எந்தப் பக்கம்னு எனக்குச் சந்தேகமே வராது."

6

அந்தப் போட்டிக்கு நான் போயிருந்தேன். தகரக் கூரை, நான்கு கோர்ட், மூலையில் தேநீர் எந்திரம். என் பக்கத்தில் அண்ணன் கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தார். யார் பக்கம் கைதட்டுவது என்று தெரியாமல் கைகளைக் கட்டியே வைத்திருந்தார்.

புது ஜோடிகளோடு இருவரும் எதிரெதிரே. ஆளுக்கொரு கேம். மூன்றாவது கேமில் வெட்டுக்கிளி, அண்ணியின் வலி முழங்கால் பக்கமாகவே ஷட்டிலைப் போட ஆரம்பித்தாள். திரும்பத் திரும்ப, இரக்கமே இல்லாமல்.

"அடிப்பாவி! அந்தக் காலையா பார்த்துப் போடறே?"

"வேற எங்க போடறது அண்ணி?"

அண்ணி சிரித்துவிட்டாள். சிரித்துக்கொண்டே அடுத்ததை இவள் நெஞ்சுக்கு நேரே அடித்தாள். அண்ணனின் கைகள் எப்போது அவிழ்ந்தன என்று நான் கவனிக்கவில்லை.

வெட்டுக்கிளிக்கு இன்னும் ஒரு பாயிண்ட் கிடைத்தால் ஆட்டம் முடியும். அவள் ஷட்டிலை உயரமாக, அண்ணியின் தலைக்குமேல், பின்கோட்டுக்கு அனுப்பினாள். அண்ணி பின்னால் போனாள், திரும்பினாள், எடுக்காமல் விட்டாள். அது கோட்டருகே விழுந்தது.

சின்னப் போட்டி இது. கோட்டைப் பார்க்கத் தனி ஆள் கிடையாது. தன் பக்கத்தில் விழுந்ததை அவரவரே சொல்ல வேண்டும், அதுதான் இங்கே விதி. ஆக, அண்ணிதான் சொல்ல வேண்டும்.

உள்ளே என்றால் ஆட்டம் முடிந்தது, தோல்வி. வெளியே என்றால் உயிர் இருக்கிறது, இன்னும் ஆடலாம், ஜெயிக்கவும் ஜெயிக்கலாம். ஷட்டில் விழுந்த இடத்தை அவளைத் தவிர யாரும் சரியாகப் பார்க்கவில்லை. நானும் பார்க்கவில்லை, தூண் மறைத்தது.

அண்ணி குனிந்து கோட்டைப் பார்த்தாள். நிமிர்ந்தாள். வாயைத் திறந்தாள்.

அவள் சொன்னது என் காதில் விழுந்தது. எழுத மாட்டேன். இத்தனை பக்கங்களாக அவளோடு இருந்த நீங்கள் சொல்லுங்கள். உங்கள் சொல்லை நான் மறுக்கப் போவதில்லை.

நான் பார்த்ததை மட்டும் சொல்கிறேன். கூடத்தில் எல்லோரும் அண்ணியின் வாயையே பார்த்துக்கொண்டிருந்தபோது, வெட்டுக்கிளி பார்க்கவில்லை. வியர்வையைச் சட்டையில் துடைத்துவிட்டுத் தன் இடத்துக்கு நடந்தாள். முழங்காலை மடக்கி, ராக்கெட்டை உயர்த்தி, அடுத்த ஷட்டிலுக்குத் தயாராக நின்றாள்.