மெஷின் பாட்டுக்கு மட்டும் செத்தவர்

இருபத்திரண்டு ஆண்டுகளாக எந்தத் தியேட்டரிலும் தன் அனுமதி இல்லாமல் ஒருவரும் அழுததில்லை என்று, படங்களுக்கு இசை தேர்ந்தெடுத்துக் கொடுப்பவர் சொல்லிவந்தார். யாரும் மறுக்கவில்லை, அழுதவர்களும் மறுக்கவில்லை. அலமாரியில் பதினான்காயிரம் இசைத்துண்டுகள் வைத்திருந்தார், கண்ணை மூடிக்கொண்டு எடுப்பார். ஆகவே ஒரு படத்தில் அப்பா இறக்கும் காட்சிக்கு அவர் வயலின் வைத்ததும், திரையில் இறந்துகிடந்த அப்பா எழுந்து உட்கார்ந்து தலையணையைத் தட்டிச் சரிசெய்ததை அவரால் பொறுக்க முடியவில்லை.

புல்லாங்குழலுக்கு அப்பா தண்ணீர் குடித்தார். பியானோவுக்குச் செருப்பைத் தேடினார். நாற்பத்தொரு துண்டுகள் போட்டுப் பார்த்தாயிற்று. நடித்தவர் வேறு படப்பிடிப்புக்குப் போய்விட்டதால் அவரைக் கண்டிக்கவும் வழியில்லை. முன்னதாக எடிட்டர், காட்சி மொட்டையாக இருக்க வேண்டாமே என்று, தன் வீட்டு வாஷிங் மெஷின் துவைத்து முடித்ததும் பாடும் எட்டு வினாடிப் பாட்டைப் போனில் பிடித்துத் தற்காலிகமாக ஒட்டியிருந்தாள். அதற்கு மட்டும் அப்பா ஒழுங்காகச் செத்துக்கிடந்தார்.

"கதைப்படி பொண்டாட்டி போனப்புறம் மூணு பிள்ளைங்க துணியையும் துவைச்ச மனுஷன் சார். அதைக் கேட்டாத்தான் அவருக்கு வேலை முடிஞ்ச மாதிரி," என்றாள் எடிட்டர்.

வெள்ளிக்கிழமைக்குள் வேறு இசை அமையாவிட்டால் மெஷின் பாட்டே இருக்கட்டும் என்றார் டைரக்டர். அப்படியானால், இத்தனை ஆண்டுகளில் முதன்முறையாக இசை தேர்ந்தெடுப்பவரின் பெயர் மட்டும் தனியாகத் திரையில் வரவிருந்த நான்கு வினாடியும் போய்விடும்.

வீட்டுக்கு வந்து மனைவியிடம் கொதித்தார். செத்தவனுக்கு என்ன ரசனை வேண்டிக்கிடக்கிறது, மெஷின் பாடினால் கேட்கிற ஜென்மத்துக்கெல்லாம் காது எதற்கு என்று முக்கால் மணி நேரம் பேசினார். மனைவி மடித்துக்கொண்டிருந்த சட்டையைக் கீழே வைத்தாள்.

"பதினோரு வருஷமா அந்தப் பாட்டுக்கு எழுந்து ஓடுற ஜென்மம் நான்தாங்க. நம்ம மெஷினும் அதையேதான் பாடுது."

"நம்ம மெஷின் பாடுமா?" என்றார் அவர்.

அதைக் கேட்டிருக்கக் கூடாது.  அவள் இரண்டு நாள் சட்டை மடிக்கவில்லை.

படம் மெஷின் பாட்டோடுதான் வெளியானது. நான்கு வினாடியும் மெஷினுக்கே போயின. அதன்பின் நகரில் துணி துவைத்து முடிந்து மெஷின் பாடிய வீட்டிலெல்லாம் ஆண்கள் அங்கங்கே உட்கார்ந்து அழுதார்கள், யாரிடமும் அனுமதி கேட்காமல். கேட்பாரின்றிக் கிடந்த ஈரத்துணியின் வாடை தெருவரை வந்தது. மக்கள் ஒரு வாரத்தில் பழகிக்கொண்டார்கள்.

இசை தேர்ந்தெடுப்பவர் தயாரிப்பாளருக்குக் கண்டனக் கடிதங்கள் எழுதினார். ஐந்தாவது கடிதத்தில், 'செவியுள்ள எவனும்' என்ற இடத்தில், பின்கட்டிலிருந்து எட்டு வினாடிப் பாட்டு வந்தது. மனைவி நாற்காலியைப் பின்னுக்குத் தள்ளும் சத்தமும் கேட்டது. அவர் பேனாவை மூடினார். அவளுக்கு முந்திப் போய், மெஷின் மூடியைத் திறந்து, ஒவ்வொரு சட்டையாக உதறி, காலரை இழுத்துவிட்டுக் கொடியில் போட்டார்.