சாய்ந்த திருகு

சுவரிலிருந்த குறிக்குள் லேசர் புள்ளியைக் கொண்டுவர, ஆய்வுக்கூடத்தில் கணவனும் மனைவியும் ஆளுக்கொரு திருகோடு மல்லுக்கட்டினார்கள். அவன் பக்கவாட்டில் சரிசெய்வான். அவள் உயர்த்தினால் புள்ளி மறுபடி பக்கவாட்டில் ஓடும்.

"என் வேலையைக் கெடுக்கறதே உனக்குப் பொழப்பா?" என்று எரிந்து விழுந்தான்.

கணக்குப் பேராசிரியையான மனைவிக்கு அந்த வசவிலேயே பொறி தட்டியது. குனிந்து பார்த்தாள். கைக்கு எட்டட்டும் என்று அவளுடைய திருகை அவனே சாய்வாக மாட்டியிருந்தான்! ஒன்றுக்கொன்று செங்குத்தாக, ஒரு சுற்றுக்கு ஒரே தூரம் நகரும்படி இரண்டையும் மாற்றி மாட்டினாள். ஆளுக்கொரு திருப்பு, புள்ளி சமர்த்தாகக் குறிக்குள் உட்கார்ந்தது.

"இனிமே உன் வழிக்கு நான் வரமாட்டேன், என் வழிக்கு நீ வராதே."

"அப்போ எங்கதான் சந்திக்கிறது?" அவன் முகம் தொங்கியது.

"உன் வழி, என் வழி, ரெண்டு கோடும் தொடங்குற இடத்துல. நாம மொதமொதல்ல பாத்துக்கிட்ட கேன்டீன்ல. நட, டீ உன் செலவு!"